எந்த வெள்ளைக்காரன்?

(மாணவர்கள் நடத்தும் வாசிப்பு வட்டமொன்றில் பேசியதன் எழுத்து வடிவம். பேச்சு நடை பெரும்பாலும் அப்படியே விடப்பட்டுள்ளது.)



பிரிட்டிஷ் மக்களின் வரலாறு பத்திப் பேசணும்னு கேட்டிருந்தீங்க. நான் பி.ஏ. வரலாறு படிச்சவன். இங்கிலாந்து வரலாறுன்னு ஒரு தாள் இருந்தது. எட்டாம் ஹென்றியின் ஆறு மனைவிகளின் பெயரையும் வரிசை மாறாமல் மனப்பாடம் செய்தேன். இப்பவும் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டால் சொல்லுவேன். ஆனால் அந்த அரண்மனையின் கக்கூஸ் குழியை அள்ளியவர்கள் யார் என்று அந்தத் தாளில் ஒரு வரி கிடையாது.

எங்க ஆயா எஸ்டேட்டில் கொழுந்து பறிச்சவங்க. அவங்களுக்கு வெள்ளைக்காரன்னா 'தொர'. அவ்வளவுதான். ஆக, பாடப் புத்தகத்தில் ராஜா, ஆயா கதையில் தொர. இந்த ரெண்டு பேருக்கும் நடுவில் அந்தத் தீவில் ஒரு பெரிய ஜனக்கூட்டம் உழைச்சு, பட்டினி கெடந்து, தூக்குல தொங்கி வாழ்ந்திருக்குங்கிறது எனக்கு ரொம்ப நாள் தெரியாது.

நான் உள்ளே வரும்போது இங்கே ஒரு விவாதம் நடந்துகிட்டிருந்தது. ஒரு தோழர் சொல்றார், 'வெள்ளைக்காரன்தான் நமக்குப் பள்ளிக்கூடம் திறந்தான், பட்டாளத்துல சேர்த்தான்.' இன்னொரு தோழர், 'அவன் கொள்ளைக்காரன், அவனுக்கு என்ன வக்காலத்து' என்கிறார். ரெண்டு பேருக்கும் ஆதாரம் இருக்கு. ஆனால் ரெண்டு பேருமே 'வெள்ளைக்காரன்' என்று ஒரே ஒரு ஆளை வைத்துக்கொண்டுதான் பேசுகிறீர்கள். அந்த ஒற்றை ஆளை உடைத்துப் பார்ப்பதுதான் இன்றைக்கு நான் செய்ய நினைப்பது.

முதலில் 'பிரிட்டிஷ்' என்ற சொல். இங்கிலாந்து, ஸ்காட்லாந்து, வேல்ஸ் மூன்றும் ஒரே தீவில் இருப்பவை. இங்கிலாந்தும் ஸ்காட்லாந்தும் ஒரே அரசாக இணைந்தது 1707இல்தான். அயர்லாந்தை 1801இல் சேர்த்தார்கள். அதற்கு முன்னால் ரோமானியர், ஆங்கிலோ சாக்சன், வைக்கிங், நார்மன் என்று வந்தவர்களும் வென்றவர்களும் நிறையப் பேர். தூய பிரிட்டிஷ் இரத்தம் என்று ஒன்று எந்தக் காலத்திலும் இருந்ததில்லை.

1066இல் நார்மன்கள் படையெடுத்து நிலத்தைப் பிடித்தார்கள். இருபது வருஷம் கழித்து, 1086இல், எவனிடம் எவ்வளவு நிலம், எத்தனை மாடு, எத்தனை ஆள் என்று கணக்கெடுத்தார்கள். அதற்கு டூம்ஸ்டே புத்தகம் என்று பெயர். அதில் பதிவானவர்களில் ஏறக்குறைய பத்தில் ஒருவர் அடிமை. அதற்கு மேலே 'வில்லன்' என்ற பண்ணையாட்கள். நாம் சினிமாவில் சொல்கிற 'வில்லன்' என்ற சொல்லுக்கும் இதற்கும் ஒரே வேர்தான். பண்ணையில் உழைத்தவனைக் குறித்த சொல், கெட்டவனைக் குறிக்கும் சொல்லாக மாறிவிட்டது. மொழி யார் கையில் இருந்தது என்பதற்கு இது ஒன்று போதும்.

இந்தப் பண்ணையாள் பிரபுவின் அனுமதி இல்லாமல் ஊரைவிட்டுப் போக முடியாது. மகளுக்குக் கல்யாணம் செய்யப் பணம் கட்ட வேண்டும். அவன் செத்தால் வீட்டிலிருக்கிற நல்ல மாட்டைப் பிரபு ஓட்டிக்கொண்டு போவான். கேட்கும்போது நம்ம ஊர் மாதிரி இருக்கு இல்லியா? அவசரப்பட வேண்டாம். அங்கே ஒரு பண்ணையாள் தப்பித்து நகரத்துக்குள் ஒரு வருஷமும் ஒரு நாளும் இருந்துவிட்டால் பல நகரங்களில் அவன் விடுதலை பெற்றவன். தொட்டால் தீட்டு என்பதும் அங்கே இல்லை. 1600 வாக்கில் அந்த முறையே ஏறக்குறைய மறைந்துபோனது. நம்ம ஊரில் ஓடிப்போய் எந்த நகரத்தில் ஒளிந்தாலும் சாதி கூடவே வந்து வாடகை வீட்டுக் கதவைத் தட்டுகிறது. இந்த வித்தியாசத்தை மறந்துவிட்டு ஒப்பிட்டால் ரெண்டு வரலாறும் கெட்டுப்போகும்.

1348இல் கொள்ளைநோய் வந்தது. மூன்றில் ஒரு பங்குக்குக் குறையாமல் ஜனம் செத்தது. உழைக்க ஆள் இல்லை, கூலி ஏறியது. உடனே 1351இல் சட்டம் போட்டார்கள்: நோய்க்கு முன்னால் வாங்கிய கூலிக்கு மேல் யாரும் கேட்கக் கூடாது. அப்புறம் பிரான்ஸோடு நடந்த போருக்காகத் தலைவரி. பதினைந்து வயசுக்கு மேற்பட்டவர்களுக்குத் தலைக்கு ஒரு ஷில்லிங் என்ற கணக்கு. 1381 ஜூன் மாதம் எஸ்ஸெக்ஸ், கென்ட் பகுதி விவசாயிகள் லண்டனுக்குள் புகுந்தார்கள். வாட் டைலர் தலைவர். ஜான் பால் என்ற பாதிரியார், ஆதியில் எல்லாரும் சமமாகவே படைக்கப்பட்டார்கள், அடிமைத்தனம் மனுஷன் செய்தது என்று பிரசங்கம் செய்தவர்.

அவர்கள் போன இடமெல்லாம் எதைத் தேடிக் கொளுத்தினார்கள் தெரியுமா? பண்ணை நீதிமன்றத்தின் ஏடுகளை. யார் யாருக்கு அடிமை என்று எழுதி வைத்த ஏடுகள் அவை. கேம்பிரிட்ஜில் பல்கலைக்கழக ஆவணங்களைச் சந்தையில் போட்டு எரித்தபோது மார்ஜரி ஸ்டார் என்ற கிழவி சாம்பலை அள்ளிக் காற்றில் தூற்றி, படித்தவன்களின் படிப்பு ஒழியட்டும் என்கிற மாதிரி கத்தியிருக்கிறாள். படிப்பறிவில்லாத கும்பல் என்று இதை எழுதியவர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. எழுத்து தன்னை என்ன செய்தது என்று அந்தக் கிழவிக்குத் தெரிந்திருந்தது.

பதினாலு வயசு ராஜா இரண்டாம் ரிச்சர்ட் நேரில் வந்து, அடிமைத்தனம் ஒழிந்தது என்று பத்திரம் எழுதிக் கொடுத்தான். மறுநாள் பேச்சுவார்த்தைக்கு வந்த இடத்தில் வாட் டைலரைக் கொன்றார்கள். ஜான் பால் ஜூலையில் கொல்லப்பட்டார். பத்திரங்கள் ரத்தாயின. நீங்கள் அடிமைகள், அடிமைகளாகவே இருப்பீர்கள் என்று ராஜா சொன்னதாக அந்தக் காலத்துத் துறவி ஒருவர் எழுதி வைத்திருக்கிறார். கலகக்காரர்கள் தங்கள் கையால் எழுதியது நமக்கு ஏறக்குறைய எதுவும் கிடைக்கவில்லை. அவர்களில் பலருடைய பெயர் தெரிவதே அவர்களைத் தண்டித்த நீதிமன்றப் பதிவுகளால்தான். இதை மனசுல வச்சுக்குங்க. திரும்பத் திரும்ப இது வரும்.

1640களில் ராஜாவுக்கும் பாராளுமன்றத்துக்கும் சண்டை. பாராளுமன்றப் படையில் சண்டை போட்டவர்கள் பெரும்பாலும் ஏழைகள். 1647 அக்டோபரில் பட்னி என்ற இடத்துச் சர்ச்சில் கூடி, ஜெயித்த பிறகு யாருக்கு ஓட்டு என்று கேட்டார்கள். ரெயின்ஸ்பரோ என்ற கர்னல், பணக்காரனுக்கு இருப்பது போலப் பரம ஏழைக்கும் வாழ ஒரு வாழ்க்கை இருக்கிறது, அவன் சம்மதமில்லாமல் அவனை ஆள முடியாது என்று வாதாடினார். சொத்து இருக்கிறவனுக்குத்தான் நாட்டில் பங்கு என்று எதிர்த்தரப்பு சொன்னது. சொத்துதான் ஜெயித்தது. இந்தப் பேச்சுகளைச் சுருக்கெழுத்தில் எடுத்த குறிப்புகள் ஆக்ஸ்போர்டு நூலகம் ஒன்றில் கிடந்து, 1891இல்தான் அச்சில் வந்தன. ஒரு ஏழையின் ஓட்டுரிமை வாதம் வெளியே வர இருநூற்று நாற்பது வருஷத்துக்கு மேல் ஆனது.

1649 ஜனவரியில் ராஜாவின் தலையை வெட்டினார்கள். அதே ஏப்ரலில் ஜெரார்ட் வின்ஸ்டன்லியும் இன்னும் சில ஏழைகளும் சரே பகுதியில் செயின்ட் ஜார்ஜ் குன்றின் புறம்போக்கு நிலத்தைக் கொத்தி, கேரட்டும் அவரையும் விதைத்தார்கள். பூமி எல்லாருக்கும் பொது என்பது அவர்கள் வாதம். 'தோண்டுகிறவர்கள்' என்று அவர்களுக்குப் பெயர். பக்கத்து நிலக்காரர்கள் அடித்தார்கள், குடிசைகளைப் பிரித்தார்கள், வழக்குப் போட்டார்கள். ஒரு வருஷத்தில் கதை முடிந்தது. இன்றைக்கு அந்தக் குன்று காவலாளி நிற்கும் கேட் போட்ட கோடீசுவரர் குடியிருப்பு.

புறம்போக்கின் கதை அதோடு நிற்கவில்லை. 1604க்கும் 1914க்கும் இடையில் ஐயாயிரத்துக்கும் மேற்பட்ட தனித்தனிச் சட்டங்களால் 68 லட்சம் ஏக்கர் நிலம் வேலியடைக்கப்பட்டது. அது இங்கிலாந்தின் நிலப்பரப்பில் ஐந்தில் ஒரு பங்கு. அதில் ஊர்ப் பொதுவாக மாடு மேய்த்த, விறகு பொறுக்கிய நிலமும் அடக்கம். சட்டம் போட்ட பாராளுமன்றத்தில் உட்கார்ந்திருந்தவர்களே நிலச்சொந்தக்காரர்கள். நிலமிழந்தவன் மில்லுக்கும் சுரங்கத்துக்கும் போனான்.

ஸ்காட்லாந்துச் சுரங்கத் தொழிலாளியை எடுத்துக்கொள்ளுங்கள். 1606ஆம் வருஷச் சட்டப்படி, முதலாளியின் சீட்டு இல்லாமல் அவன் வேறு இடத்தில் வேலைக்குச் சேர முடியாது. ஓடினால் அவன் திருடன். எதைத் திருடினான்? தன்னைத்தானே! குழந்தைக்கு ஞானஸ்நானம் கொடுக்கும்போதே அப்பன் கையில் முன்பணம் வைத்து, அந்தக் குழந்தையையும் சுரங்கத்துக்கு எழுதிக்கொள்ளும் வழக்கம் இருந்தது. இது முழுசா ஒழிந்தது 1799இல். அதாவது கிழக்கிந்தியக் கம்பெனி சீரங்கப்பட்டணத்தில் திப்புவைக் கொன்ற அதே வருஷம்.

1819 ஆகஸ்ட் 16. மான்செஸ்டரில் செயின்ட் பீட்டர் மைதானம். ஏறக்குறைய 60,000 பேர், நெசவாளிகளும் மில் தொழிலாளிகளும், குடும்பத்தோடு கூடினார்கள். மான்செஸ்டர் அவ்வளவு பெரிய ஊர். அதற்கென்று ஒரு எம்.பி. கிடையாது. ஓட்டு கேட்டு வந்தவர்கள் மேல் குதிரைப்படை வாளோடு பாய்ந்தது. அதில் உள்ளூர் முதலாளிகளும் கடைக்காரர்களும் சேர்ந்த தொண்டர் படையும் இருந்தது. செத்தவர்கள் குறைந்தது 15 பேர், இன்றைய கணக்கில் 18. தாயின் கையிலிருந்த இரண்டு வயசுக் குழந்தை ஒன்று. ஜான் லீஸ் என்ற ஜவுளித் தொழிலாளி நாலு வருஷத்துக்கு முன் வாட்டர்லூ போரில் நாட்டுக்காகச் சண்டை போட்டவர். அவர் சொந்த நாட்டு வாளால் செத்தார். வாட்டர்லூவை நினைவுபடுத்தி இந்தச் சம்பவத்தைக் கிண்டலாகப் 'பீட்டர்லூ' என்றார்கள். அரசாங்கம் மாஜிஸ்திரேட்டுகளுக்கு நன்றி சொன்னது.

அந்த இடத்தில் ரொம்ப நாள் ஒரு நீலப் பலகை இருந்தது. கூட்டம் ராணுவத்தால் 'கலைக்கப்பட்டது' என்று அதில் எழுதியிருந்தது. உள்ளூர் ஜனங்கள் சண்டை போட்டு, 2007இல் அதை எடுத்துவிட்டு வேறு பலகை வைக்கச் செய்தார்கள். அதில் 'தாக்கப்பட்டார்கள்' என்று இருக்கிறது, சாவு எண்ணிக்கையும் இருக்கிறது. ஒரு வினைச்சொல்லை மாற்ற 188 வருஷம். 'கலைக்கப்பட்டது' என்ற சொல்லைப் போலீஸ் அறிக்கையில் படித்துப் பழகிய நமக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

இப்போது 1834 என்ற ஒரு வருஷத்தை மட்டும் பாருங்கள். மார்ச் மாதம், டால்புடில் என்ற கிராமத்தில் கூலி குறைப்பை எதிர்த்துச் சங்கம் சேர்ந்த ஆறு விவசாயக் கூலிகளுக்கு ஏழு வருஷம் ஆஸ்திரேலியாவுக்கு நாடு கடத்தல். ஆகஸ்டில் புதிய ஏழைகள் சட்டம்: உதவி கேட்டு வரும் ஏழையை 'வேலை இல்லம்' என்ற கொட்டடியில் அடைத்துப் புருஷன், பொண்டாட்டி, பிள்ளைகளைத் தனித்தனியாகப் பிரித்தார்கள். அங்கே செத்து யாரும் உரிமை கோராத பிணத்தை அறுத்துப் படிக்க மருத்துவக் கல்லூரிக்குக் கொடுக்கலாம் என்று 1832லேயே சட்டம் வந்துவிட்டது. அதற்கு முன்னால் பிணத்தை அறுப்பது கொலைகாரனுக்குக் கூடுதல் தண்டனை. இப்போது ஏழையாய்ச் செத்தாலே போதும்.

அதே ஆகஸ்டில் அடிமை ஒழிப்புச் சட்டம் காலனிகளில் நடைமுறைக்கு வந்தது. நஷ்டஈடு 2 கோடி பவுண்டு. யாருக்கு? அடிமைகளுக்கு அல்ல, எஜமானர்களுக்கு! அதற்கு வாங்கிய கடனின் கடைசிப் பாக்கி அடைந்தது 2015இல். அடிமைகளின் வாரிசுகளும் வரி கட்டி அந்தக் கடனை அடைத்திருக்கிறார்கள். அதே வருஷம் நவம்பரில், அடிமைகளின் இடத்துக்கு மொரீஷியஸில் இந்தியக் கூலிகளை ஒப்பந்தத்தில் இறக்கத் தொடங்கினார்கள். பிறகு சென்னையிலிருந்தும் கப்பல்கள் போயின. எங்க ஆயாவின் எஸ்டேட்டும் இந்தக் கணக்கில் வருவதுதான். ஒரே பாராளுமன்றம், ஒரே வருஷம்.

1838இல் மக்கள் சாசனம் வந்தது. ஆண்கள் எல்லாருக்கும் ஓட்டு, ரகசிய வாக்கு, எம்.பி.க்குச் சம்பளம் என்று ஆறு கோரிக்கைகள். 1842இல் 33 லட்சம் பேர் கையெழுத்துப் போட்டார்கள், பாராளுமன்றம் நிராகரித்தது. லண்டன் இயக்கத்தின் தலைவர்களில் ஒருவர் வில்லியம் கஃபே. தையல்காரர். ஐந்தடி உயரம்கூட இல்லை. அப்பா செயின்ட் கிட்ஸ் தீவில் அடிமையாகப் பிறந்தவர். ஆமாம், கறுப்பர். லண்டன் பத்திரிகை ஒன்று அந்த இயக்கத்தையே 'கறுப்பனும் அவன் கட்சியும்' என்று நக்கல் அடித்தது. 1848இல் உளவாளிகளின் சாட்சியத்தை வைத்து அவருக்கு ஆயுள் முழுக்க நாடு கடத்தல், டாஸ்மேனியாவுக்கு. 1856இல் மன்னிப்பு கிடைத்தும் அங்கேயே தங்கி, தொழிலாளர் உரிமைக்கு மேடை ஏறினார். 1870இல் ஏழைகள் விடுதியில் செத்தார். பிரிட்டிஷ் மக்களின் வரலாறு என்றால் எனக்கு முதலில் நினைவுக்கு வருகிற முகம் இவருடையது. எட்டாம் ஹென்றி அப்புறம்தான்.

இவர்களையெல்லாம் மாலை போட்டுச் சாமியாக்க நான் வரவில்லை. அந்தச் சாசனத்தில் பெண்ணுக்கு ஓட்டு இல்லை. ஆணுக்குச் சமமாகப் பெண்ணுக்கு ஓட்டு வந்தது 1928இல். பிழைக்க வந்த ஐரிஷ்காரனை ஆங்கிலத் தொழிலாளி அடித்து விரட்டிய கதைகள் உண்டு. வேலி போட்டதில் நிலமிழந்தவனின் பேரன் சிப்பாயாகி நம்ம ஊரில் துப்பாக்கி தூக்கினான். நாடு கடத்தப்பட்டவன் இறங்கிய மண் அங்கிருந்த பூர்வகுடிகளிடமிருந்து பிடுங்கியது. தனக்குக் கீழே ஒருத்தன் கிடைத்தால் அடிபட்டவனும் எஜமான் ஆகப் பார்ப்பான். இது நமக்கும் புதுசு இல்லை.

முதலில் கேட்ட விவாதத்துக்கு வருகிறேன். 'வெள்ளைக்காரன் கொடுத்தான்' என்று சொல்லும்போது, அவன் நாட்டு ஏழைக்கே அவன் எதையும் சும்மா கொடுக்கவில்லை என்பதை நினைத்துக்கொள்ளுங்கள். சாசனத்தின் ஆறில் ஐந்து இன்று அங்கே நடைமுறை. ஒவ்வொன்றுக்கும் பின்னால் ஜெயிலும் கப்பலும் இருக்கு. 'வெள்ளைக்காரன் கொள்ளையடித்தான்' என்று சொல்லும்போது, அந்தக் கொள்ளையில் கஃபேக்கு என்ன பங்கு வந்தது, சுரங்கத்துக் குழந்தைக்கு என்ன பங்கு வந்தது என்றும் கேளுங்கள். அப்போதுதான் நன்றியும் வெறுப்பும் போக வேண்டிய முகவரிக்குப் போகும்.

கடைசியா ஒண்ணு. இவர்களின் பெயரை நாம் கண்டெடுத்தது குற்றப் பத்திரிகைகளிலிருந்து, தண்டனை ஏடுகளிலிருந்து, உளவாளி அறிக்கைகளிலிருந்து. எதிரி எழுதியதைத் தலைகீழாகப் படிக்கக் கற்றவர்கள் இந்த வரலாற்றை மீட்டார்கள். உங்க தாலுகா கோர்ட்டிலும் பழைய கட்டுகள் தூசி படிந்து கிடக்கு. அடுத்த கூட்டத்துக்கு ஆளுக்கு ஒரு பெயர் கண்டுபிடிச்சுக் கொண்டு வாங்க.

இனி நீங்க கேளுங்க, பேசுவோம்.