கமராக்காரன் வேலை
(வெல்லாவெளிக்கு வந்திருந்த தோட்டப்பகுதி இளைஞர்களுக்கு ஆற்றிய உரை)



காட்டு மிருகங்களை டீவிக்குப் படம் பிடிக்கிற வேலையைப் பற்றிப் பேசச் சொன்னார்கள். இது கமராவால் மட்டும் நடக்கிற வேலை என்று நினைக்கிறோம். இல்லை.

2015 இல் டிஸ்னி கம்பனி 'மங்கி கிங்டம்' என்றொரு படத்தை வெளியிட்டது. எடுத்தது நம்முடைய பொலன்னறுவையில். ஓடுவது ஒன்றரை மணித்தியாலம்கூட இல்லை, எடுக்கப் போனது இரண்டு வருடத்துக்கு மேல். அதற்கும் முன்னால், 1968 தொடக்கம், வொல்ப்காங் டிட்டஸ் என்ற ஆராய்ச்சியாளர் அங்கே குரங்குகளைக் கவனித்து வந்தார். எது தாய், எது மகள், எது எதற்குப் பயப்படும் என்று முகம் பார்த்தே சொல்லக்கூடியவர்கள் அங்கே இருந்தார்கள். அந்த அறிவு இல்லாவிட்டால் எவ்வளவு விலை கொடுத்து வாங்கிய கமராவும் குரங்கின் முதுகைத்தான் எடுத்திருக்கும்.

மற்றதெல்லாம் காத்திருப்புத்தான். காற்று எந்தப் பக்கம் வீசுகிறது என்று பார்த்து நிற்க வேண்டும். இந்த வெல்லாவெளிப் பக்கம் வயலுக்கு வருகிற யானைக்குக் கண்ணைவிட மூக்குக் கூர்மை. சவர்க்கார வாசமே போதும். தூரத்தில் நிற்பதற்காகத்தான் நீள லென்ஸ் இருக்கிறது. போனைத் தூக்கிக்கொண்டு யானைக்குக் கிட்டப் போகிறவனைக் கமராக்காரன் என்று சொல்ல மாட்டேன்.

ஆளே நிற்காமல் எடுக்கிற கமராவும் உண்டு. ஒற்றையடிப் பாதையோரம் மரத்தில் கட்டிவிட்டு வந்துவிடலாம். உடம்புச் சூடுள்ள ஏதாவது அசைந்தால் தானாகவே எடுக்கும். ஆனால் எந்த மரத்தில் கட்டுவது? அதைக் கமரா சொல்லாது. சிறுத்தை எந்தக் கான் ஓரமாக இறங்குகிறது, எந்தப் பாறையில் படுக்கிறது என்பதெல்லாம் கொழுந்து எடுக்கிற அம்மாமாருக்குத்தான் தெரியும். அவர்களிடம் கேட்காமல் கமரா கட்டுகிறவன் பற்றரியைத்தான் வீணாக்குவான்.

மலையகத்தில் இப்படி வைத்த கமராவில் 2019 இல் ஒரு கருஞ்சிறுத்தை பதிவானது. இரவுப் படத்தில் அதன் கறுப்புக்குள்ளேயும் புள்ளிகள் தெரியும். ஒவ்வொரு சிறுத்தைக்கும் புள்ளி வேறு, நம்முடைய கைரேகை மாதிரி.

அடுத்த வருடம், 2020 மே மாதம், நல்லதண்ணி லக்சபான தோட்டத்தில் ஒரு கருஞ்சிறுத்தை கம்பிச் சுருக்கில் மாட்டியது. காட்டுப்பன்றிக்கு வைத்த சுருக்கு. உடவளவைக்குக் கொண்டுபோய் வைத்தியம் பார்த்தார்கள், மே 29 அன்று செத்துப்போனது.

பன்றி கிழங்குப் பாத்தியைக் கிளறினால் வயிறு எரியும், அது எனக்கும் தெரியும். சம்பளத்துக்கு மேலே அந்தப் பாத்தியில்தான் பிள்ளையின் கொப்பி வாங்குகிறோம். ஆனால் கம்பிக்குப் பன்றி எது, சிறுத்தை எது, உங்கள் வீட்டு நாய் எது என்று தெரியாது.

சுருக்கில் உயிரோடு மாட்டிய மிருகத்தைக் கண்டால் கிட்டப் போகாதீர்கள், கம்பி அறுந்தால் அது உங்கள் மேல்தான் பாயும். சுற்றி நிற்கிற கூட்டத்தை விலக்கிவிட்டு வனஜீவராசிகள் திணைக்களத்துக்கு 1992 என்ற இலக்கத்தில் சொல்லுங்கள். எந்தத் தோட்டம், எந்த டிவிசன், எந்த இலக்க மலை என்று தெளிவாகச் சொன்னால்தான் அவர்கள் இருட்ட முன்னம் வந்து சேருவார்கள்.