கருப்பையின் பெயரால் ஒரு நோய்

(நூற்றாண்டு விழா ஒன்றுகூடலில் ஆற்றிய உரை)



உயர்தர வகுப்பில் விலங்கியல் படித்தவர்களுக்கு ஞாபகம் இருக்கும், கிரேக்க வேர்ச்சொற்களைப் பாடமாக்கினால் பாதிப் படிப்பு முடிந்த மாதிரி. இருதயத்துக்குக் கார்டியா, ஈரலுக்கு ஹெபார், கருப்பைக்கு ஹிஸ்டெரா. கருப்பையை அகற்றும் சத்திரசிகிச்சையை ஹிஸ்டரெக்டமி என்பது அதனால்தான். 'ஹிஸ்டீரியா' என்ற சொல்லும் அதே வேரில் பிறந்ததுதான்.

பெண்ணுக்கு மூச்சு முட்டினால், மயக்கம் வந்தால், கருப்பை இடம்விட்டு மேலே ஏறி நெருக்குகிறது என்று பண்டைக் கிரேக்க மருத்துவ நூல்கள் சொல்லின. மூக்கருகே துர்நாற்றத்தையும் கீழே நறுமணத்தையும் வைத்து அதைத் திருப்பி அனுப்பப் பார்த்தார்கள்! கலியாணம் செய், பிள்ளையைப் பெறு என்பதும் ஒரு மருந்து. (அந்த மருந்தை இன்றும் சிலர் இலவசமாகத் தருகிறார்கள்.) கி.பி. 2ஆம் நூற்றாண்டிலேயே எபேசு நகரத்து வைத்தியர் சொரானஸ், கருப்பை மிருகம்போல அலைவதில்லை என்று மறுத்தார். எண்ணம் போகவில்லை, பெயரும் ஒட்டிக்கொண்டது.

1886இல் வியன்னாவில் சிக்மண்ட் புரொய்ட், ஆண்களுக்கும் ஹிஸ்டீரியா உண்டு என்று வைத்தியர்கள் முன்னிலையில் பேசினார். பாரிஸில் ஷார்கோ அத்தகைய ஆண் நோயாளிகளை ஏற்கெனவே காட்டியிருந்தார். ஆனால் வயதான சத்திரசிகிச்சை நிபுணர் ஒருவர், அந்தச் சொல்லின் பொருளே கருப்பை, ஆணுக்கு எப்படி வரும் என்று கேட்டதாகப் புரொய்ட் பின்னர் எழுதினார். நோயாளியைப் பார்க்க முதல் சொல்லைப் பார்த்திருக்கிறார்!

1980இல் அமெரிக்க உளமருத்துவச் சங்கம் ஹிஸ்டீரியாவைத் தனி நோயாகக் கொள்வதை விட்டது. பழக்கம் விட்டபாடில்லை. மாரடைப்பு வந்தால் பெண்களுக்கும் நெஞ்சுவலி வரும். அதோடு மூச்சுத்திணறல், ஓங்காளம், முதுகுவலி, தாடைவலி என்பன ஆண்களைவிடக் கூடுதலாக வரலாம். வாட்டுக்கு வந்த அம்மா வாய் திறக்க முதலே, "அவ எதுக்கும் பயப்பிடுறவ டொக்டர்" என்று கூட வந்தவர் முந்திக்கொள்வார். வைத்தியர்களிலும் சிலர் அதை நம்பிவிடுகிறோம்.

இப்படி வந்தால் வீட்டில் படுக்கவைத்துப் பார்த்திருக்காதீர்கள், உடனே கூட்டிவாருங்கள். எப்போது தொடங்கியது, நடந்தால் கூடுகிறதா என்பதை நோயாளியே சொல்லட்டும். யாராவது 'பதற்றம்' என்று எழுதினால், ஈ.சி.ஜி.யும் இரத்தப் பரிசோதனையும் பார்த்துவிட்டா எழுதுகிறீர்கள் என்று கேளுங்கள். கோபிக்கமாட்டோம். கோபித்தாலும் கேளுங்கள்.