அக்கரையிலிருந்து வந்தவருக்கு இக்கரையில் இடம் உண்டா?

(லேக் மார்க்கெட்டில் நடந்த சங்கத்தின் மாதக் கூட்டத்தில் செயற்குழுவின் சார்பில் நிகழ்த்தப்பட்ட உரை)

 

இன்றைய பேச்சு ஒரு நடிகரைப் பற்றியது என்று சுற்றறிக்கையில் கண்டதும், "சங்கத்துக்கும் சினிமாவுக்கும் என்ன சம்பந்தம்?" என்று சிலர் கேட்டார்கள். நியாயமான கேள்வி. பதில் சொல்ல வேண்டிய பொறுப்பு எங்களுடையது. ஒரு நடிகரின் புகழைப் பாட நாங்கள் இங்கே நிற்கவில்லை. நம் ஒவ்வொருவர் வீட்டு வாசலிலும், கடை வாசலிலும் வந்து நிற்கக்கூடிய ஒரு கேள்வியை உங்கள் முன் வைக்கவே நிற்கிறோம்.

அந்த நடிகரின் பெயர் நைஜல் அக்கரா. பிறப்பால் கேரளத்துக் குடும்பம். வளர்ந்தது இந்தக் கொல்கத்தாவில். இளம் வயதிலேயே கும்பலோடு சேர்ந்தார். அடிதடி, மிரட்டல் என்று தொடங்கியது கடுமையான வழக்குகளில் கொண்டுபோய் நிறுத்தியது. ஏறத்தாழ ஒன்பது ஆண்டுகள் சிறையில் கழிந்தன. 2009-இல் வெளியே வந்தார். 2012-இல் வெளிவந்த 'முக்தோதாரா' என்ற வங்காளத் திரைப்படத்தில் முக்கியப் பாத்திரத்தில் நடித்தார். நந்திதா ராயும் சிவபிரசாத் முகர்ஜியும் இணைந்து இயக்கிய படம் அது. இதையெல்லாம் அவர் மறைக்கவில்லை. தாமே பல மேடைகளில் சொல்லியிருக்கிறார்.

நாம் உட்கார்ந்திருக்கும் இந்த லேக் மார்க்கெட்டிலிருந்து பாருங்கள். மேற்கே காளிகாட்டைத் தாண்டினால் டாலி நாலா என்று அழைக்கப்படும் ஆதி கங்கை. அதன் அக்கரையில் அலிப்பூர். அங்கேதான் அவர் இருந்த பிரெசிடென்சி சிறை. தெற்கே போனால் டாலிகஞ்ச். வங்காளப் படங்கள் உருவாகும் ஸ்டூடியோக்கள். சிறையும் ஸ்டூடியோவும் நமக்கு இரண்டு பக்கத்திலும் கூப்பிடு தூரத்தில்தான் இருக்கின்றன. அக்கரையிலிருந்து ஒருவர் இக்கரைக்கு வந்து சேர்ந்த கதை இது. ஆனால் அந்த வாய்க்காலைக் கடப்பது எவ்வளவு கடினம் என்பதைத்தான் நாம் கவனிக்க வேண்டும்.

மேற்கு வங்கத்தில் சிறைச்சாலைக்குச் சட்டப்படி 'சீர்திருத்த இல்லம்' என்று பெயர். 1992-ஆம் ஆண்டுச் சட்டம் கொடுத்த பெயர் அது. பெயர் மாறினால் போதுமா? பலகையை மாற்றியதால் மட்டும் எந்தச் சுவரும் இடிந்துவிடுவதில்லை. அந்தப் பெயருக்குப் பொருள் கொடுக்கச் சில மனிதர்கள் முன்வந்தார்கள். சிறைத்துறைத் தலைவராக இருந்த பி.டி. சர்மா கதவைத் திறந்துவிட்டார். நடனக் கலைஞர் அலோகானந்தா ராய் 2007-இல் அந்தக் கதவு வழியே உள்ளே போனார். கைதிகளுக்கு ஆடவும் பாடவும் நடிக்கவும் கற்றுக் கொடுத்தார். அவர்கள் மேடையேற்றிய நாடகம் தாகூரின் 'வால்மீகி பிரதிபா'.

1881-இல் தாகூர் எழுதிய இசை நாடகம் அது. வால்மீகி அதில் முனிவராக அறிமுகமாவதில்லை. கொள்ளைக் கூட்டத்தின் தலைவனாக வருகிறார். கூட்டத்தார் காளிக்குப் பலியிட ஒரு சிறுமியைப் பிடித்து வருகிறார்கள். அவளுடைய அழுகை தலைவனின் நெஞ்சைத் தொடுகிறது. கட்டை அவிழ்த்து விடச் சொல்கிறான். கூட்டம் அவனை விட்டுப் பிரிகிறது. கொள்ளைக்காரன் கவியாகிறான். அந்த வால்மீகி வேடத்தை ஏற்றவர் நைஜல். கும்பலில் இருந்த ஒருவர், கும்பலை உதறிய ஒருவனின் வேடத்தில் நின்றார். சிறைக்குள் மட்டுமல்ல, வெளி அரங்குகளிலும் கைதிகள் அந்த நாடகத்தை நடத்தினார்கள். பணம் கொடுத்து நுழைவுச் சீட்டு வாங்கிய மக்கள் எழுந்து நின்று கைதட்டினார்கள்.

இந்த இடத்தில்தான் தோழர்களே, நாம் கொஞ்சம் நின்று யோசிக்க வேண்டும். கைதட்டிய கை மறுநாள் வேலை கொடுத்ததா?

கொடுக்கவில்லை. விடுதலையாகி வந்தவருக்கு வேலை தர யாரும் முன்வரவில்லை என்பதை அவரே சொல்லியிருக்கிறார். பெயரைக் கேட்டார்கள், பழைய கதை தெரிந்தது, கதவு சாத்தப்பட்டது. யாரும் வேலை தராதபோது தாமே வேலை தருபவராகிவிடுவது என்று அவர் முடிவு செய்தார். கட்டடங்களைத் துப்புரவு செய்வதற்கும் காவல் காப்பதற்கும் ஆள் அனுப்பும் நிறுவனம் ஒன்றைத் தொடங்கினார். சிறையிலிருந்து வெளிவந்தவர்களையே அதில் வேலைக்குச் சேர்த்துக்கொண்டார். திரைப்படம் வருவதற்கு முன்பே அவர் கையில் எடுத்தது துடைப்பம். அவரைப் பற்றி எழுதுகிறவர்கள் படத்தின் பெயரை எழுதுகிறார்கள். துடைப்பத்தை ஒரு வரியில் தாண்டிவிடுகிறார்கள். நாங்கள் அதைத்தான் பெரிதாகச் சொல்ல விரும்புகிறோம்.

திரையுலகம் அவருக்கு என்ன கொடுத்தது என்பதையும் பார்ப்போம். 'முக்தோதாரா' அந்தச் சிறை நாடகத்தின் கதையைத் தழுவியதுதான். அதில் ரிதுபர்ணா சென்குப்தா நடனம் கற்றுத்தருபவராக வருகிறார். நைஜல் கைதியாக வருகிறார். ஏழு ஆண்டுகள் கழித்து, 2019-இல், அதே இயக்குநர்கள் எடுத்த 'கோத்ரோ' வந்தது. கோத்திரம் என்று பொருள். தனியாக வாழும் ஒரு முதிய இந்துப் பெண்மணி. அவர் வீட்டைப் பார்த்துக்கொள்ள வரும் தாரேக் அலி என்ற முஸ்லிம் இளைஞன். அந்த இளைஞனும் சிறையிலிருந்து வந்தவன். அந்த வேடமும் நைஜலுக்கே. வேறு வேடங்களிலும் அவர் நடித்திருக்கிறார், உண்மைதான். ஆனாலும் மக்கள் நினைவில் நிற்கும் இரண்டு படங்களிலும் அவர் கைதி அல்லது முன்னாள் கைதி. திரைகூட அவரை வாசல்படியிலேயே நிறுத்தி வைத்துத்தான் ரசித்தது என்று சொன்னால் தவறாகுமா?

இது வங்காளத்துக்கு மட்டும் உரியதல்ல. அமெரிக்காவில் டேனி ட்ரெஹோ என்ற நடிகர் இருக்கிறார். இளமையெல்லாம் கலிபோர்னியாச் சிறைகளில் கழித்து, 1969-இல் வெளியே வந்தவர். போதைக்கு அடிமையானவர்களை மீட்கும் பணியில் சேர்ந்தார். தம் உதவியை நாடிய ஓர் இளைஞனைப் பார்க்க ஒரு படப்பிடிப்புத் தளத்துக்குப் போனார். 1985-இல் வெளியான 'ரன்அவே ட்ரெயின்' படத்தின் தளம் அது. அங்கே அவரை அடையாளம் கண்டு கைகொடுத்தவர் எட்வர்ட் பங்கர்; அவரும் சிறையில் இருந்துவிட்டு எழுத்தாளரானவர். ட்ரெஹோவுக்கும் நெடுங்காலம் கிடைத்தவை கைதி வேடமும் முரடன் வேடமும்தாம். ஆனால் கவனியுங்கள்: அவரைத் தூக்கிவிட்டது தெரிந்த ஒருவரின் ஒரு சொல்.

நம் தமிழ்த் திரையும் இதைப் பேசியிருக்கிறது. சாந்தாராம் 1957-இல் எடுத்த 'தோ ஆங்கேன் பாரா ஹாத்' படத்தைத்தான் 1975-இல் 'பல்லாண்டு வாழ்க' என்று எம்.ஜி.ஆர். நடிக்கத் தமிழில் எடுத்தார்கள். ஆறு கொடிய கைதிகளைத் திறந்தவெளிப் பண்ணைக்கு அழைத்துப்போய் மனிதர்களாக்கும் சிறை அதிகாரியின் கதை. நம் பெரியவர்கள் பலர் அந்தப் படத்தைப் பார்த்துக் கண் கலங்கியவர்கள்தாம். ஆனால் திரையில் கைதி திருந்தினால் கண் கலங்குகிற நாம், அதே கைதி நம் தெருவில் வாடகைக்கு வீடு கேட்டு வந்தால் என்ன சொல்கிறோம்? இதுதான் இன்றைய கேள்வி.

"பாதிக்கப்பட்டவர்களை மறந்துவிட்டீர்களே!" என்று யாரேனும் கேட்கலாம். மறக்கவில்லை. கும்பல் மிரட்டிப் பணம் பறித்த கடைக்காரர், அடிபட்டவர், உறவை இழந்தவர் - இவர்களின் வேதனைக்கு எந்தத் திரைப்படமும் ஈடாகாது. ரவுடியை நாயகனாக்கிச் சுவரொட்டி ஒட்டும் பழக்கத்தை நாங்கள் ஆதரிக்கவும் இல்லை. ஆனால் தண்டனை என்பதற்கு ஒரு முடிவு உண்டு என்று சட்டம் சொல்கிறது. நீதிமன்றம் எழுதிய ஆண்டுக்கணக்கு முடிந்த பிறகும் சமூகம் தன் பங்குக்கு ஒரு தண்டனையை, முடிவே இல்லாமல், எழுதிக்கொண்டே போகலாமா? வேலை கிடைக்காதவனை வரவேற்கக் காத்திருப்பது யார்? பழைய கும்பல்தான். அங்கே நன்னடத்தைச் சான்றிதழ் கேட்பதில்லை. அவன் திரும்பிப் போனால் அடுத்து அடிபடப் போவதும் நம்மில் ஒருவர்தான். ஆகவே வேலை கொடுப்பது இரக்கம் மட்டுமல்ல; நம் தெருவுக்கு நாமே போட்டுக்கொள்ளும் காவல்.

இன்னொன்று. சிறைக்குப் போனவரெல்லாம் குற்றவாளி என்று நாம் எண்ணுகிறோம். தேசியக் குற்ற ஆவணக் காப்பகத்தின் கணக்கைப் பாருங்கள். 2022-ஆம் ஆண்டு முடிவில் இந்தியச் சிறைகளில் இருந்தவர்கள் 5,73,220 பேர். அவர்களில் 4,34,302 பேர் விசாரணைக் கைதிகள். அதாவது நான்கில் மூன்று பேர் தீர்ப்பு வராமலே உள்ளே இருந்தவர்கள். ஜாமீன் கிடைத்தும் பணம் கட்ட ஆளில்லாமல் கிடப்பவர்களும் அவர்களில் உண்டு. ஏழையாகப் பிறந்ததும், எழுதப் படிக்கத் தெரியாததும், வெளியூர்க்காரனாக இருப்பதும் குற்றமா? பிழைப்புக்காக மாநிலம் விட்டு மாநிலம் வந்த நாம் இதை மற்றவர்களைவிட நன்றாக உணர வேண்டும்.

ஒரு கூட்டத்தையே குற்றவாளி என்று முத்திரை குத்துவது எவ்வளவு கொடியது என்பது தமிழனுக்குப் புதிதல்ல. 1871-இல் ஆங்கிலேயன் கொண்டுவந்த குற்றப் பரம்பரைச் சட்டம் பிறந்த குழந்தையையும் சந்தேகத்தோடு பார்த்தது. அதை எதிர்த்துத்தான் 1920-இல் பெருங்காமநல்லூர் மக்கள் துப்பாக்கிக் குண்டுக்கு நெஞ்சைக் காட்டினார்கள். சட்டம் போய்விட்டது. முத்திரை குத்தும் பழக்கம் போய்விட்டதா?

அரசு செய்ய வேண்டியதை அரசிடம் கேட்போம். நீதிபதி முல்லா தலைமையிலான சிறைச் சீர்திருத்தக் குழு 1983-லேயே அறிக்கை கொடுத்தது. விடுதலைக்குப் பின் கைதிகளின் மறுவாழ்வைக் கவனிப்பது அரசின் கடமை என்று அது வலியுறுத்தியது. சிறைக்குள் உழைப்பவருக்கு நியாயமான கூலி தர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 1998-இல் தீர்ப்பளித்தது. இவை காகிதத்தில் உறங்காமல் பார்த்துக்கொள்வது மக்கள் அமைப்புகளின் வேலை.

ஆனால் அரசு வரும்வரை நாம் கைகட்டி நிற்கலாமா? நம் வரலாற்றைத் திரும்பிப் பார்ப்போம். நம் முன்னோர்கள் சுருக்கெழுத்தும் தட்டச்சும் கற்றுக்கொண்டு, ஹௌராவில் ரயிலைவிட்டு இறங்கி, இந்த லேக் மார்க்கெட் மெஸ்களில் பாய் விரித்துப் படுத்து, கிளைவ் தெருக் கம்பெனிகளில் வேலை தேடினார்கள். திறமை இருந்தது, உண்மை. ஆனால் திறமை மட்டுமா வேலை வாங்கிக் கொடுத்தது? "இவன் நம்ம ஊர்ப் பையன், நல்லவன், நான் பொறுப்பு" என்று ஓர் அண்ணனோ மாமாவோ சொன்ன சொல்லும் அல்லவா சேர்ந்து வாங்கிக் கொடுத்தது! அந்தச் சொல் இல்லாமல் இந்த ஊரில் வேரூன்றிய தமிழ்க் குடும்பம் ஒன்றையாவது காட்ட முடியுமா? சிறையிலிருந்து வெளியே வருபவரிடம் இல்லாதது அந்த ஒரு சொல்தான். கைத்தொழில் தெரிந்திருக்கும், உடலில் வலு இருக்கும், "நான் பொறுப்பு" என்று சொல்ல ஆள் இருக்காது.

அந்த ஆளாகச் சங்கம் இருக்க வேண்டும் என்பதே எங்கள் யோசனை. நம்மில் உணவகம் நடத்துகிறவர்கள் இருக்கிறார்கள். காப்பித்தூள் கடை, மளிகைக் கடை, அச்சகம் வைத்திருப்பவர்கள் இருக்கிறார்கள். அடுக்குமாடிக் குடியிருப்புச் சங்கங்களில் பொறுப்பில் இருப்பவர்கள் இருக்கிறார்கள். ஆண்டுக்கு ஒருவருக்கு, ஒரே ஒருவருக்கு, ஓர் இடம் கொடுக்க முடியுமா? கண்ணை மூடிக்கொண்டு கொடுக்கச் சொல்லவில்லை. நல்வாழ்வு அதிகாரியிடம் விசாரியுங்கள். முதல் சில மாதம் சங்கத்தின் இருவர் அவரோடு தொடர்பில் இருப்பார்கள். மற்றத் தொழிலாளிக்குக் கொடுக்கும் அதே கூலியைக் கொடுங்கள். "எங்கே இருந்தாய்?" என்று நாள்தோறும் கேட்காதீர்கள். அவ்வளவுதான்.

எல்லோரும் நைஜல் அக்கரா ஆகிவிட மாட்டார்கள். ஆகவும் வேண்டாம். மேடை ஏறத் தெரிந்தவனுக்கு மட்டும்தான் மன்னிப்பு என்றால், குரலும் முகவெட்டும் இல்லாதவன் எங்கே போவான்? மாவு அரைக்கவும், கணக்கு எழுதவும், மூட்டை தூக்கவும் வருகிற சாதாரண மனிதனுக்கும் அந்த வாய்க்காலின் மேல் ஒரு பாலம் வேண்டும்.

இந்த யோசனையைத் தீர்மானமாக்கி அடுத்த மாதப் பொதுக்குழுவில் வைக்கிறோம். எதிர்க்க நினைப்பவர்கள் தாராளமாக எதிர்த்துப் பேசலாம், கேட்கக் காத்திருக்கிறோம். ஆதரிப்பவர்கள் கையை மட்டும் உயர்த்தாமல், தங்கள் கடையில் எந்த வேலைக்கு ஆள் தேவை என்பதையும் எழுதிக் கொண்டு வாருங்கள்.