புலிகேசியும் நம் பிள்ளைகளும்
(ஆண்டு விழாவில் நிகழ்த்திய சொற்பொழிவு)

    

பள்ளியிறுதி வகுப்போடு படிப்பை முடித்துக்கொண்டு, இரயில்வேயில் எழுத்தராகக் காலங்கழித்து வருபவன் நான். கற்றோர் வீற்றிருக்கும் இந்த அவையில் பேச எனக்கும் இடமளித்த சங்கத்தாருக்கு நன்றி. நான் எடுத்துக்கொண்ட பொருள், 2006-ஆம் ஆண்டு வெளிவந்த ‘இம்சை அரசன் 23-ம் புலிகேசி’ என்னும் திரைப்படம். தமிழ் விழாவில் வேடிக்கைப் படத்தைப் பற்றியா பேச்சு என்று எவரும் முகஞ்சுளிக்க வேண்டா. மெய்ப்பாடுகள் எட்டனுள் நகையையே முதலில் வைத்தவர் தொல்காப்பியர்.

ஒரு காலத்தில் அரசகுமாரர்களின் வாள் வீச்சே தமிழ்த் திரையை ஆண்டது. ஒரே உருவில் இரு சகோதரர். ஒருவன் அரண்மனைச் செல்வத்தில் கெட்டுப்போகிறான். மற்றவன் வெளியே எளியோரிடையே வளர்ந்து நல்லவனாகிறான். இக்கதையை 1940-இல் ‘உத்தம புத்திரன்’ என்ற பெயரில் பி. யு. சின்னப்பாவும், 1958-இல் அதே பெயரில் சிவாஜி கணேசனும் இரட்டை வேடத்தில் நடித்துக் காட்டினர். பிரெஞ்சு ஆசிரியர் அலெக்சாந்தர் தூமாவின் இரும்பு முகமூடிக் கதைதான் இவற்றுக்கு மூலம். ‘மந்திரி குமாரி’, ‘மனோகரா’, ‘நாடோடி மன்னன்’ ஆகிய படங்களும் அரசவைத் தமிழை மூலைமுடுக்கெல்லாம் முழங்கச் செய்தன.

அந்த மரபை அப்படியே எடுத்துக்கொண்டு, அதன் கிரீடத்தைச் சற்றே கோணலாக்கி வைத்தவர் சிம்புதேவன். ஆனந்த விகடனில் கேலிச்சித்திரம் வரைந்தவர் அவர். அந்தக் கண்ணோடுதான் படத்தையும் எடுத்தார். கோழையும் அறிவிலியுமான புலிகேசியாகவும், அவனுடன் பிறந்த வீரன் உக்கிரபுத்தனாகவும் வடிவேலு நடித்தார். அரசனைப் பொம்மையாக வைத்து ஆட்டும் இராசகுருவாக நாசர் வந்தார். மெலிந்த மேனியுடைய மன்னன், தன் முகத்தின்கீழ் ஒரு மல்லனின் உடலை வரையச் செய்து மகிழ்கிறான்! குடிமக்கள் சாதியின் பேரால் அடித்துக்கொள்ள மைதானம் அமைத்துக் கொடுக்கிறான்! அந்நியப் பானத்துக்குக் கதவைத் திறந்துவிடுகிறான்! அன்றைய அரசனின் ஆடையை உடுத்தி, இன்றைய நம்மைத்தான் அப்படம் நகையாடுகிறது.

இப்படத்தில் சிரிப்பு இரண்டு வகை. ஒன்று வடிவேலுவின் முகத்தில் பிறப்பது. அதற்கு மொழி வேண்டுவதில்லை. என்னோடு பணிபுரியும் தெலுங்கு நண்பர்களும் வயிறு குலுங்கச் சிரிக்கிறார்கள். மற்றொன்று சொல்லில் பிறப்பது. பாணபத்திர ஓணாண்டி என்றொரு புலவன் அவைக்கு வருகிறான். புகழ்வதுபோல் மன்னனை இகழ்கிறான். வறியவர்க்கு ‘மூடா’க் கதவு என்று அவன் பாடும்போது, அடைக்கப்படாத கதவு என்பது ஒரு பொருள்; ‘ஏ முட்டாளே’ என்று விளிப்பது மற்றொரு பொருள். காளமேகப் புலவரின் சிலேடையில் திளைத்த மரபு நமது. ‘திருவிளையாடல்’ படத்தில் பாணபத்திரரைக் கண்டவர்களுக்கு, அவர் பெயரோடு ஓணானும் ஆண்டியும் ஒட்டிக்கொண்டதே பெருநகையாகும்.

திருப்பதியில் பிறந்து வளர்ந்த என் மகள் அக்காட்சியைப் பார்த்தபோது, “மூடா என்கிறாரே, எது மூன்று அப்பா?” என்று கேட்டாள். தெலுங்கில் ‘மூடு’ என்றால் மூன்று. குழந்தையின் மீது குற்றமில்லை. தான் அறிந்த மொழியைக் கொண்டு அவள் பொருள் தேடினாள்.

பெரியோர்களே! சிரிப்புக்குரிய இக்கேள்வியை நான் சிந்தனைக்குரியதாகவே கருதுகிறேன். 1911-இல் சித்தூர் மாவட்டம் அமைந்தபோது இது சென்னை மாகாணத்தின் பகுதி. 1953-இல் ஆந்திர மாநிலத்தோடு சேர்ந்தது. 1960-இல் திருத்தணி தமிழகத்துக்குத் திரும்பியது. சித்தூரும் திருப்பதியும் இங்கேயே நின்றன. நம் பிள்ளைகளிற் பெரும்பாலோர் பள்ளியில் தெலுங்கும் ஆங்கிலமும் கற்கின்றனர். நமக்குச் சோறிடும் மண்ணின் மொழியை அவர்கள் நன்கு கற்கத்தான் வேண்டும். ஆனால் ஒரு மொழியில் பேரம் பேசுவது எளிது. அம்மொழியின் சிலேடைக்குச் சிரிப்பதுதான் அரிது. அது கைநழுவினால், வீட்டிலே தமிழ் ஒலித்துக்கொண்டிருக்கும். ஆனால் பாதிப் பொருள் வாசற்படியிலேயே நின்றுவிடும்.

ஆதலின் சங்கத்தாருக்கு ஒரு வேண்டுகோள். வரும் கோடை விடுமுறையில் பிள்ளைகளை அழைத்து, முதல் நாள் 1958-ஆம் ஆண்டின் ‘உத்தம புத்திரனை’யும், மறுநாள் ‘புலிகேசி’யையும் காட்டுவோம். மூலத்தை அறிந்தவனுக்கே கேலி முழுமையாக விளங்கும். பெரியவர் ஒருவர் உடனிருந்து, புரியாத சொல் வரும்போது படத்தை நிறுத்திப் பொருள் சொல்லட்டும். அவ்வாறு சேர்ந்த சொற்களைக் கொண்டே வாரம் ஒரு மணி நேரத் தமிழ் வகுப்பைத் தொடங்கலாம். என் வார ஓய்வு நாளில் அந்த ஒரு மணி நேரத்தைத் தர நான் அணியமாயிருக்கிறேன். இன்னும் இருவர் முன்வந்தால் வகுப்பு தடையின்றி நடக்கும். கூட்டம் முடிந்ததும் செயலாளரிடம் பெயர் கொடுத்து உதவுமாறு வேண்டி அமைகிறேன்.