தற்காலிக உத்தியோகத்தரும் சட்டமும்

அமிர்தகழி மாமாங்கேஸ்வரர் ஆலயத் தீர்த்தக்கரை ஆடி அமாவாசையன்று சனத்திரளால் நிறைந்துவிடும். ஏனைய நாள்களில் அவ்வூரவர் பலருடைய காலைப்பொழுது மட்டக்களப்பு நகரை நோக்கியே நகர்கின்றது. கச்சேரி, ஆசுபத்திரி, பாடசாலை என்று அங்கே தொழில் பார்ப்போருள் நிரந்தர நியமனம் பெற்றோரும் உளர். 'தற்காலிகம்', 'அமையம்', 'ஒப்பந்தம்' என்னும் சொற்கள் பொறித்த கடிதத்தை மட்டும் பெட்டிக்குள் வைத்திருப்போரும் உளர். 'அடுத்த மாதம் முதல் உமது சேவை தேவையில்லை' என்று ஓர் அறிவித்தல் வந்தால் பின்னவர் எங்கே போய் முறையிடுவது?

தொழில் நியாயசபை இருக்கிறதே என்பர் சிலர். அரசாங்கம் தொழில்கொள்வோனாக இருக்கும்போது அக்கதவு திறவாது. 1950ஆம் ஆண்டின் கைத்தொழிற் பிணக்குகள் சட்டமும், வேலைநீக்கத்துக்கு முன் தொழில் ஆணையாளரின் அனுமதி வேண்டுமென விதிக்கும் 1971ஆம் ஆண்டின் சட்டமும் அரசாங்கத்தை விலக்கியே இயற்றப்பட்டவை. கூட்டுத்தாபன ஊழியரின் நிலை வேறு. ஆதலால் கடிதத்தின் தலைப்பில் எந்த நிறுவனத்தின் பெயர் உள்ளது என்பதை முதலிற் பார்த்துக்கொள்ளுதல் நலம்.

அப்படியாயின் அரசாங்க ஊழியனுக்கு நீதிமன்றமே இல்லையா? இக்கேள்விக்கு விடை தேடியவர் கேகாலைக் கச்சேரியில் எழுதுவினைஞராக இருந்த செல்லையா கோடீஸ்வரன். சிங்கள மொழித் தேர்ச்சிப் பரீட்சைக்குத் தோற்றாமையால், 1961 டிசம்பரில் வெளியான திறைசேரிச் சுற்றறிக்கையின்படி அவருடைய சம்பள ஏற்றம் 1962இல் மறுக்கப்பட்டது. அவர் வழக்குத் தொடுத்தார். 1964இல் கொழும்பு மாவட்ட நீதிமன்றம் அவர் பக்கம் தீர்த்தது. 1967இலோ உயர் நீதிமன்றம், அரச சேவையாளன் சம்பளத்துக்காக முடியின் மீது வழக்காட இயலாது என்று கூறி அதனைத் தள்ளியது. 1969 டிசம்பரில் இலண்டனிலுள்ள கோமறைக் கழகம் இக்கூற்றை மறுத்தது. அரசாங்கம் விரும்பியபோது சேவையை முடிக்கலாம். ஆயினும் செய்து முடித்த வேலைக்குரிய சம்பளம் கடனே, அதனை வழக்காடிப் பெறலாம் என்பது அதன் முடிவு. மொழி பற்றிய அரசியலமைப்புக் கேள்வி உயர் நீதிமன்றத்துக்கே திருப்பி அனுப்பப்பட்டது. அங்கே அதற்கு விடை கிடைக்கவேயில்லை. தற்காலிக ஊழியருக்கு இத்தீர்ப்பில் எஞ்சுவது சிறிது போலத் தோன்றும். ஆனால் மூன்று மாதச் சம்பளம் நிலுவையாக வெளியே அனுப்பப்படுபவருக்கு அது சிறிதன்று.

வேலையையே மீட்க விரும்புவோர் 1978ஆம் ஆண்டின் அரசியலமைப்பை நாடவேண்டும். அதன் 12ஆம் உறுப்புரை சட்டத்தின் முன் சமத்துவத்தை உறுதிசெய்கின்றது. 126ஆம் உறுப்புரை உயர் நீதிமன்றத்துக்கு நேரே விண்ணப்பிக்க வழிவகுக்கின்றது. ஒருவர் பத்தாண்டு உழைத்தார் என்பதனால் மட்டும் நிரந்தர நியமனம் உரிமையாகிவிடாது. இதை மறைத்து ஆறுதல் கூறுவோரை நம்புதல் வீண். ஒரே நிலையிலிருந்தோருள் பிந்திச் சேர்ந்தவரை வைத்துக்கொண்டு முந்தியவரை விலக்கியிருப்பின், அல்லது குற்றச்சாட்டை மனத்தில் வைத்துக்கொண்டு விசாரணையின்றித் 'தற்காலிகம் முடிந்தது' என்று எழுதியிருப்பின், விண்ணப்பத்துக்கு வலுவுண்டு. இந்திய உயர்நீதிமன்றமும் 1957இல், பர்ஷோத்தம் லால் திங்ரா வழக்கில், நீக்கத்தின் பெயரை அன்றி அது தண்டனையா என்பதையே நோக்கவேண்டும் என்றது. இலங்கை நீதிமன்றங்களை அத்தீர்ப்பு கட்டாது, எடுத்துக்காட்ட உதவும்.

இவ்விடத்தில்தான் பலர் தவறவிடுகின்றனர். விண்ணப்பத்துக்குரிய காலம் ஒரே ஒரு மாதம். அமைச்சரைக் கண்டு வருவோம், அதிகாரிக்கு மனு எழுதுவோம் என்று அலைவதற்குள் அது கழிந்துவிடும். அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவிடம் முறையிட்டால், 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டப்படி, விசாரணை அங்கே நிலுவையிலிருக்கும் காலம் கணக்கிற் சேராது. கொழும்புக்குச் செல்ல வசதியில்லாதவர் மட்டக்களப்பிலேயே ஆணைக்குழுவின் பிராந்திய அலுவலகத்தை நாடலாம். முறைப்பாட்டின் பிரதியில் திகதியிட்ட முத்திரையைக் கேட்டு வாங்கிக்கொள்ளவேண்டும். நியமனக் கடிதம், நீடிப்புக் கடிதங்கள், சம்பளச் சீட்டுகள், வரவுப் பதிவேட்டின் பிரதி ஆகியவற்றையும் அதனோடு சேர்த்து வைத்தல் வேண்டும்.