தொலைவிலிருந்து காணும் கூடைப்பந்து

பாஸ்டன் நகரில் மாலை 7.30 மணிக்குத் தொடங்கும் கூடைப்பந்தாட்டம், குளிர்காலத்தில் நமக்கு மறுநாள் காலை 6 மணி. தில்லிப் பனியில், போர்வைக்குள் இருந்தபடியே கைபேசியில் அதைக் காணலாம்.

அமெரிக்காவின் என்.பி.ஏ. பந்தயத்தில் 30 அணிகள். பருவத்தில் அணி ஒன்றுக்கு 82 ஆட்டங்கள். இவற்றை இணையவழி காண்பதற்கான சந்தாவின் பெயர் 'லீக் பாஸ்'.

இதில் ஒரு விசித்திரம் உண்டு. பாஸ்டன்வாசி ஒருவர் இச்சந்தாவை மட்டும் கட்டினால், தம் ஊர் அணியின் ஆட்டத்தை அதில் நேரடியாகக் காண இயலாது. அவ்வட்டார ஒளிபரப்பு உரிமையை உள்ளூர்த் தொலைக்காட்சி விலைகொடுத்து வாங்கியிருப்பதே காரணம். அவரே பிழைப்பை நாடி டென்வர் நகருக்குக் குடிபெயர்ந்தாரானால், நாடு முழுவதற்குமான ஒளிபரப்புக்கென ஒதுக்கியவை போன்ற சில நீங்கலாக, மற்ற ஆட்டங்கள் அவருக்குத் திறந்துவிடும்! அருகில் இருப்பவருக்கு மறைத்து, பிரிந்து சென்றவருக்குக் காட்டும் சந்தா இது. வெளி மாநிலத்தில் வாழும் நமக்கு இதன் அருமையை எடுத்துரைக்க வேண்டுமா?

காலையில் நேரமில்லாதோர் இரவில் பதிவைப் பார்க்கலாம். அதுவரை புள்ளிகளை மறைத்துவைக்கும் வசதியும் உண்டு. அலுவலகத்தில் வாய் ஓயாத நண்பர் ஒருவர் இருந்தால் அவ்வசதி பயன்படாது.

ஆட்டம் 48 நிமிடமே. இடைவேளைகளோ அதனை இரண்டு மணிக்கு மேல் நீட்டிவிடுகின்றன. ஆகவே கடைசிக் கால்பகுதியை நான் பெரும்பாலும் பேருந்தில்தான் காண்கிறேன். இறுதி விநாடியில் பந்து கூடைக்குள் விழும்போது நிமிர்ந்து பார்த்தால், மகிழ்ச்சியைப் பகிர்ந்துகொள்ள அப்பேருந்தில் ஒருவரும் இருப்பதில்லை.