நாடு பிறந்ததைப் படம் பிடித்தவர்

மேற்கு ஆபிரிக்கக் கரையிலே கினி பிசாவு என்றொரு சிறு நாடு உண்டு. போர்த்துக்கேயரின் ஆட்சியை எதிர்த்து 1963இல் அங்கே ஆயுதப் போர் மூண்டது. போர் உச்சநிலையில் இருந்த 1967ஆம் ஆண்டில், விடுதலை இயக்கத் தலைவரான அமில்கார் கப்ரால் இளைஞர் நால்வரைக் கியூபாவுக்கு அனுப்பினார். திரைப்படக் கலை பயின்று வருவதே அவர்களுக்கிட்ட பணி. போர்க்களத்திலிருக்கும் ஓர் இயக்கத்துக்கு இது வீண் செலவென்று பலருக்குத் தோன்றியிருக்கலாம். ஆனால், பல மொழிகள் பேசுவோரும் எழுத்தறியாதோரும் மிகுந்த நாட்டில் படமே யாவருக்கும் பொதுவான ஏடு என்பதைக் கப்ரால் கண்டிருந்தார்.

அந்நால்வருள் ஒருவர் சானா நா ந்ஹாடா. மருத்துவம் பயில விரும்பியிருந்த அவர், தலைவரின் சொற்படி படக்கருவியை ஏந்தினார். ஃப்ளோரா கோமெஸ், ஜோசெபினா கிராட்டோ, ஜோசே பொலாமா ஆகியோர் ஏனைய மூவர். 1972இல் அவர்கள் தாயகம் மீண்டனர். மறு ஆண்டு ஜனவரி 20ஆம் நாள் கப்ரால் கொனாக்ரி நகரிலே சுட்டுக் கொல்லப்பட்டார். அனுப்பிவைத்தவர் காணாமலே, 1973 செப்டெம்பர் 24ஆம் நாள் காட்டுப் பகுதியிலே சுதந்திரம் பிரகடனஞ் செய்யப்பட்டதை அவ்விளைஞர்கள் படம் பிடித்தனர். 1976இல் கப்ராலின் உடல் பிசாவுக்குக் கொணரப்பட்டபோதும் அவர்களின் கருவி உடன் சென்றது.

அத்தொழிலின் இடர் சிறிதன்று. சுருளைக் கழுவும் சாலை உள்நாட்டில் இல்லை. பிடித்த படம் கடல் கடந்து சென்று திரும்பும்வரை அதில் உருவம் விழுந்ததா என்பதே தெரியாது. வெயிலும் ஈரமும் சுருளுக்குப் பகை. நாளடைவில் அது காடி நாற்றம் வீசி, சுருங்கி, முறிந்துபோகும். பிரெஞ்சுக் கலைஞர் கிரிஸ் மார்க்கர் பிசாவுக்கு வந்து கற்பித்தார். சானா எடுத்த களியாட்டக் காட்சிகளைத் தமது 1983ஆம் ஆண்டுப் படத்திலே சேர்த்துக்கொண்டார். சானாவின் 'சிமே' என்னும் கதைப்படம் 1994இல் கான் விழாவிலே காட்டப்பட்டது. எனினும் 1998இல் மூண்ட உள்நாட்டுப் போரிலே திரைப்பட நிலையத்தின் சேமிப்பு சிதைந்தது. நாட்டின் பிறப்புச் சான்றே குப்பையிற் கிடந்தது எனலாம்.

எஞ்சியவற்றை, போர்த்துக்கேயக் கலைஞர் பிலிப்பா சேசாரின் துணையோடு, 2012இல் பெர்லின் நகரிலே புதுப் பதிவாக்கினர். அவற்றுட் பல தொகுத்து முடிக்கப்படாதவை, ஒலியற்றவை. 2014இல் அவை ஊர் ஊராய்த் திரையிடப்பட்டபோது சானாவே திரையருகில் நின்று, ஓடும் படங்களுக்குத் தம் குரலால் விளக்கமளித்தார்.